வசனமில்லாத அப்பா

கல்யாண வீடுகளில் பிரஷாந்தினி பயந்த கேள்வி ஒன்றே ஒன்றுதான். "உங்கட அவர் என்ன வேலை?"

"படத்துக்குக் கதை எழுதுறவர்" என்பாள்.

கேட்டவரின் முகம் மலரும். "ஆ! தமிழ்ப் படமோ?"

"இல்லை. பின்லாந்துப் படம்."

அதற்குப் பிறகு என்ன கேட்பது என்று யாருக்கும் தெரியாது. "அப்பிடியோ, நல்லது" என்று சொல்லிவிட்டுச் சாப்பாட்டு மேசைப் பக்கம் பார்ப்பார்கள். வசீகரன் அவளுக்குப் பக்கத்தில் கோட்டுக்குள் கை விட்டபடி சிரித்துக்கொண்டு நிற்பான். அவனுக்குக் கோபம் வந்து அவள் பார்த்ததில்லை. பின்லாந்தில் இரண்டு படம் வெளிவந்த ஒருவனை, மொன்ட்ரியால் புறநகரான பியர்பொன்ட்ஸில் பக்கத்து வீட்டுக்காரர் கணினி திருத்துகிறவன் என்று நினைத்துக்கொண்டிருந்தார். அதையும் அவன் திருத்தவில்லை. ஒருமுறை அவருடைய பிரின்டரைக்கூடப் பார்த்துக் கொடுத்தான்.

அவன் பின்லாந்துக்குப் போனதே தவறிப்போய்த்தான். ஒன்பது வயதில், தகப்பன் அரியரத்தினத்தோடு யாழ்ப்பாணத்திலிருந்து கனடாவுக்கென்று வெளிக்கிட்டவன். தாய் அதற்கு முதலே நெருப்புக் காய்ச்சலில் போய்விட்டாள். மொஸ்கோ வரைக்கும் கூட்டிப்போன ஏஜென்சிக்காரன், ரயிலில் ஏற்றிவிட்டு, "அங்கால ஆள் நிற்கும்" என்றான். அங்கால ஆள் நிற்கவில்லை. பனிதான் நின்றது. பின்லாந்து அரசாங்கம் தகப்பனையும் மகனையும் குவோப்பியோ என்ற ஊரில் குடியமர்த்தியது. அந்த ஊரில் வேறு தமிழர் ஒருவரும் இல்லை. அரியரத்தினத்துக்கு நகர பஸ் டிப்போவில் பஸ் கழுவுகிற வேலை கிடைத்தது. இருபத்தெட்டு வருடம் அதையே செய்தார்.

மகன் அந்த மொழியைப் பிடித்துக்கொண்டான். பள்ளிக்கூடத்தில் எழுதிய கட்டுரைகளை ஆசிரியர்கள் மற்ற வகுப்புகளில் வாசித்துக் காட்டினார்கள். பிறகு ஹெல்சின்கியில் திரைக்கதை படித்தான். தொலைக்காட்சித் தொடர்களுக்கு எழுதினான். இருபத்தேழு வயதில் முதல் படம். ஏரிக்கரை வீடு ஒன்றைப் பங்கிட வந்த இரண்டு அண்ணன் தம்பி ஒரு கிழமை முழுக்க ஒருவரோடொருவர் பேசாமல் இருப்பதுதான் கதை. படம் பெரிதாக ஓடவில்லை. ஆனால் எழுத்தை எல்லோரும் புகழ்ந்தார்கள். பேசாத மனிதர்களை இவ்வளவு தெரிந்து எழுதியவர் யார், இந்தப் பெயர் புனைபெயரா என்று ஒரு பத்திரிகை கேட்டிருந்தது. வசீகரன் அதைப் பிரஷாந்தினிக்கு மொழிபெயர்த்துச் சொன்னபோது அவன் காது சிவந்திருந்தது.

நோர்வேயில் இருந்த ஒரு மாமியின் மூலம்தான் இவர்களுடைய சம்பந்தம் வந்தது. பிரஷாந்தினி பன்னிரண்டு வயதில் மொன்ட்ரியாலுக்கு வந்தவள். கார்டெரியில் சின்னப் பிள்ளைகளைப் பார்க்கிற வேலை. அவளுடைய அம்மா சிவநேசத்துக்கு அப்போது கிழமைக்கு மூன்று முறை ஆஸ்பத்திரியில் இரத்தம் சுத்திகரிக்க வேண்டியிருந்தது. அவளால் அம்மாவை விட்டுவிட்டு வர முடியாது. அதைத் தொலைபேசியில் சொல்லத் தயங்கிக்கொண்டிருந்தபோது, அவனே சொன்னான்: "நான் வாறன். எழுதுறது எங்கையிருந்தும் எழுதலாம்தானே."

கல்யாணமாகி வந்த முதல் கிழமையே அவள் ஒன்றைக் கவனித்தாள். அவன் அவளை "நீங்கள்" என்றே கூப்பிட்டான். யாழ்ப்பாணத்தில் புருசன்மார் பெண்சாதியைப் பார்த்துச் சொல்லும் "நீர்" அவனுக்குத் தெரியாது. தகப்பனைத் தவிர வேறு யாரோடும் தமிழ் பேசி வளராதவன். பெரியவர்களோடு கதைக்கிற சின்னப் பையனின் தமிழ்தான் அவன் வாயில் இருந்தது. "பசிக்குது", "குளிருது", "எனக்கு அது விருப்பமில்லை". அவள் சிரித்தபோது அவனும் சிரித்தான்.

"எனக்குத் தமிழிலை ஒன்பது வயசு, பிரஷா" என்றான். "அதுக்குப் பிறகு நான் வளரேல்லை."

பிரெஞ்சில் அவன் கைக்குழந்தை. "போன்ஜூர்", "மெர்சி", அவ்வளவுதான். ஆங்கிலத்தில் கடைக்குப் போய் வரலாம். விடியற்காலையில், பின்லாந்தில் ஆட்கள் வேலைக்கு வந்துவிட்ட நேரத்தில், அவன் நிலவறையில் இறங்கித் தொலைபேசியில் பேசுவான். மேலே படுக்கையில் கிடந்தபடி அவள் கேட்டுக்கொண்டிருப்பாள். குரலே வேறு. தடித்த, நிதானமான, யாரையும் காக்கவைக்கத் தெரிந்த ஒரு குரல். கீழே பேசுகிற அந்த ஆளைத் தான் கட்டவில்லையோ என்று சில நேரம் அவளுக்குத் தோன்றும்.

அந்த ஆளை அவள் ஒரேயொரு தரம் கண்ணால் கண்டாள். இரண்டாவது படம் வெளியானபோது ஹெல்சின்கிக்குக் கூட்டிப்போனான். படம் முடிய அவனை மேடைக்கு அழைத்தார்கள். ஒலிவாங்கியைப் பிடித்து ஏதோ சொன்னான். முழு மண்டபமும் சிரித்தது. இன்னும் ஏதோ சொன்னான். முழு மண்டபமும் அமைதியாகிவிட்டது. முன்வரிசையில் ஒரு வெள்ளைக்காரப் பெண் கண்ணைத் துடைத்தாள். பிரஷாந்தினி கைதட்டினாள். இப்படி ஒரு மனிதனை நிலவறைக்குள் கொண்டுவந்து வைத்திருக்கிறோமே என்று நினைத்தாள். விமானத்தில் அவன் அவளுடைய தோளில் சாய்ந்து தூங்கினான். விழித்ததும், "எனக்குத் தண்ணி வேணும்" என்றான்.

அதற்குப் பிறகு அழைப்புகள் குறையத் தொடங்கின. ஒரு நாளில் நின்றுபோகவில்லை. கிழமைக்கு ஐந்து இரண்டானது, இரண்டு மாதத்துக்கு ஒன்றானது. ரீக்கா என்றொரு தயாரிப்பாளர்தான் கடைசிவரை அவனைக் கைவிடாதவள். அவளும் ஒருநாள் உள்ளதைச் சொல்லிவிட்டாள். அன்றைக்கு வசீகரன் மேலே வந்து தேநீர்க் கோப்பையைச் சுற்றிச் சுற்றிப் பிடித்துக்கொண்டு இருந்தான்.

"என்ன சொன்னவள்?"

"என்ர ஆக்கள் பத்து வருசத்துக்கு முந்தின மாதிரிக் கதைக்கினமாம். இப்ப அங்க ஒருத்தரும் அப்பிடிக் கதைக்கிறேல்லையாம்."

"அதைத் திருத்தலாம்தானே?"

"எப்பிடித் திருத்துறது? நான் அங்க இல்லையே."

அவன் முயன்றுதான் பார்த்தான். மொன்ட்ரியாலில் பின்லாந்துக்காரர்களின் சிறிய தேவாலயம் ஒன்று நத்தாருக்கு முன் சந்தை வைக்கும் என்று கேள்விப்பட்டு, ஆட்கள் பேசுவதைக் காதால் கேட்கவென்று போனான். போன வேகத்தில் திரும்பி வந்தான். அங்கே இருந்தவர்கள் எல்லாம் ஐம்பதுகளில் கப்பலில் வந்து இறங்கிய கிழவர் கிழவிகள். அவர்களுடைய பேச்சு அவனுடையதைவிட அறுபது வருடம் பழையது. "நல்ல சனம்" என்றான். ஒரு கறுத்த ரை ரொட்டியும் கம்பளிக் காலுறையும் வாங்கி வந்திருந்தான். அவள் சிரிக்கப் பார்த்தாள். அவன் முகத்தைக் கண்டதும் விட்டுவிட்டாள்.

பிள்ளைகள் இல்லை. அதைப் பற்றிக் கதைப்பதை இருவரும் எப்போதோ விட்டுவிட்டார்கள். சிவநேசம் போய்ச் சேர்ந்தார். அந்த அறைக்கு, வேலையிலிருந்து ஓய்வு பெற்ற அரியரத்தினம் வந்தார். கனடாவுக்கென்று வெளிக்கிட்ட மனிதன் முப்பது வருடத்துக்குச் சற்றே குறைய எடுத்து வந்து சேர்ந்தார்.

மாமனார் பேசாத மனிதர் என்றுதான் வசீகரன் சொல்லியிருந்தான். ஆனால் பிரஷாந்தினி கண்டது வேறு. பஸ் நிறுத்தத்தில் அவரை விட்டுவிட்டுக் கடைக்குள் போய் வருவதற்குள், ஹெயிட்டிக்காரப் பெண் ஒருத்தியோடு கையால் காலால் பேசி, அவளுக்கு எத்தனை பிள்ளைகள் என்று அறிந்து வைத்திருப்பார். பஸ் ஓட்டுநருக்கு "போன்ஜூர்" சொல்லிவிட்டு, பஸ்ஸின் பக்கத்தைத் தட்டி, நன்றாகக் கழுவவில்லை என்று சைகை காட்டுவார். வீட்டுக் கதவு திறந்து மகன் உள்ளே வந்ததும் வாயை மூடிக்கொள்வார். மகன் எழுதுகிறவன், இடைஞ்சல் கொடுக்கக்கூடாது என்ற மரியாதையாக்கும் என்று அவள் நினைத்தாள்.

வசீகரன் இரண்டாவது படத்துக்குப் பிறகு ஏழு வருடமாக ஒரே ஒரு கதையைத்தான் திரும்பத் திரும்ப எழுதிக்கொண்டிருந்தான். பஸ் கழுவுகிற ஒரு அகதியும் அவர் மகனும். ஒரு ஞாயிறு, சமையலறையில் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தவளிடம் தானாகவே அதைப் பற்றிச் சொன்னான்.

"அப்பாவுக்கு நான் வசனம் எழுதேல்லை. படம் முழுக்க அவர் ஆறேழு சொல்லுத்தான் கதைப்பார்."

"ஏன் அப்பிடி?"

அவன் மாடிப்படியைப் பார்த்துக் குரலைத் தாழ்த்தினான். "அவற்ற பின்னிஷ் சரியான பிழை. கதைச்சால் ஆக்கள் சிரிப்பினம். என்ர படத்திலை அவரைப் பார்த்து ஒருத்தரும் சிரிக்கக்கூடாது."

அந்தக் கதைக்குக் கடைசியில் காசு போட ஆள் வந்தது. இளம் இயக்குநர் ஒருவன் கிடைத்தான். ஆனால் ஒரு நிபந்தனை. வசனத்தைப் புதுப்பிக்க ஹெல்சின்கியில் இன்னொரு எழுத்தாளர். வசீகரனின் பெயர் 'மூலக்கதை' என்று வரும். இரண்டு நாள் அவன் நிலவறைக்குள் இறங்கவில்லை. பிறகு அவளிடம், "நீங்கள் என்ன சொல்லுறீங்கள்?" என்று கேட்டான்.

"படமா வந்தால் போதும்தானே" என்றாள். அவன் எதிர்க்கவில்லை. கையெழுத்து வைத்தான்.

அடுத்த வருடம் இலையுதிர் காலத்தில், டவுன்டவுனில் ஒரு சிறிய திரைப்பட விழாவுக்கு அந்தப் படம் வந்தது. ஞாயிறு பிற்பகல் காட்சி. மூவருமாகக் காரில் போனார்கள். அரியரத்தினம் முதல் நாளே முடி வெட்டியிருந்தார். அரங்கில் பாதி இருக்கைதான் நிறைந்திருந்தது; பெரும்பாலும் மாணவர்கள், சில பின்லாந்துக் கிழவர்கள். திரையின் அடியில் பிரெஞ்சு வரிகள் ஓடின. அதனால் வாழ்க்கையில் முதல் தடவையாக, தன் கணவன் எழுதிய ஒன்றைப் பிரஷாந்தினி யாரும் மொழிபெயர்க்காமலே விளங்கிக்கொள்ளப் போகிறாள்.

பனியில் ஒரு டிப்போ. நீலத் தொப்பி போட்ட ஒரு கறுத்த மனிதர். தண்ணீர்க் குழாயோடு நின்ற அவர், பஸ் ஓட்டுநர் ஒருவனைப் பார்த்து வாயைத் திறந்தார். சொற்கள் தலைகீழாக வந்தன. "பஸ் நேற்று நாளைக்குச் சுத்தம்" என்று பிரெஞ்சு வரி ஓடியது. அரங்கு சிரித்தது.

வசீகரனின் கை அவளுடைய கையில் இருந்தது. அது அப்படியே குளிர்ந்துபோனதை அவள் உணர்ந்தாள்.

அதன் பிறகு அந்த மனிதர் வாயை மூடவே இல்லை. கடையில், வைத்தியரிடம், பனியில் விழுந்து கிடக்கும்போதுகூடப் பேசினார். ஒவ்வொன்றுக்கும் சிரிப்பு. கொடூரமான சிரிப்பு என்று சொல்ல முடியாது; அந்த மனிதரை எல்லோருக்கும் பிடித்துத்தான் இருந்தது. வசீகரன் திரையைப் பார்க்கவில்லை. முன் இருக்கையின் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவள் பயந்துபோய் மற்றப் பக்கம் திரும்பி மாமனாரைப் பார்த்தாள். அரியரத்தினம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்துக்கொண்டிருந்தார். கண்ணில் தண்ணீர் வந்திருந்தது. அரங்கில் எல்லோரையும்விட அவருடைய சத்தம்தான் பெரிது.

திரும்பி வரும்போது காரை அவள் ஓட்டினாள். வசீகரன் பக்கத்தில், மாமனார் பின்னால். கார் நெடுஞ்சாலையில் ஏறியது.

"நல்லாயிருந்தது தம்பி" என்றார் அரியரத்தினம். "என்னை மாதிரியே கதைக்கிறான் அந்தப் பொடியன். எங்கை பிடிச்சவங்கள்?"

"அது நான் எழுதினதில்லை, அப்பா."

"அப்பிடியே? பிறகு யார்?"

"வேற ஆள். நான் எழுதினதிலை நீங்கள் கதைக்க மாட்டீங்கள். ஒண்டும் கதைக்காத ஆள். அதுதான் நீங்கள்." அவன் முன் கண்ணாடியைப் பார்த்தபடியே சொன்னான். "உங்களைப் பார்த்துச் சிரிச்சவங்கள். நீங்களும் சேர்ந்து சிரிக்கிறீங்கள்."

"சிரிப்பு வந்தது, சிரிச்சனான்." கிழவர் கொஞ்சம் யோசித்தார். "கதைக்காத ஆளோ? ஆர், நானோ? டிப்போவிலை என்னை ரேடியோ எண்டுதான் கூப்பிடுறவங்கள். காலமை போய் வாயைத் திறந்தால் பின்னேரம்தான் மூடுறது. பிழைபிழையாத்தான் கதைப்பன். அவங்கள் சிரிப்பாங்கள். பேந்து கோப்பி வாங்கித் தருவாங்கள்."

வசீகரன் திரும்பிப் பார்த்தான். "வீட்டை நீங்கள் கதைக்கிறேல்லையே. என்ர பள்ளிக்கூடத்திலை கதைக்கிறேல்லையே. ஒரு நாளும் கதைக்கேல்லையே, அப்பா."

"முதல் வருசம் கதைச்சனான்தானே. நத்தார் விழாவுக்கு வந்தனான். உன்ர ரீச்சரோடை நிண்டு கதைச்சன். உன்ர கூட்டாளிப் பொடியள் சிரிச்சவை." அவர் குரலில் குற்றச்சாட்டு ஒன்றுமில்லை, வெளியே ஓடுகிற மரங்களைப் பற்றிச் சொல்வதுபோலத்தான் சொன்னார். "நீ கிட்ட வந்து இப்பிடி வாயிலை விரலை வைச்சுக் காட்டினனி. 'ஷ்' எண்டு. அதுக்குப் பிறகு உனக்கு முன்னாலை நான் அவங்கட பாஷை கதைக்கிறதை விட்டுட்டன். பேந்து தமிழும் குறைஞ்சு போச்சுது. பழகிப் போச்சுது, தம்பி."

"எனக்கு ஞாபகமில்லை" என்றான் வசீகரன்.

"சின்னப்பிள்ளை. எப்பிடி ஞாபகமிருக்கும்?"

பிரஷாந்தினி சாலையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. எடுத்தால் அழுதுவிடுவாள் என்று தெரிந்தது. அவர்கள் பேசியது தமிழில் என்பதால் ஒரு சொல் விடாமல் அவளுக்கு விளங்கியது. அவனுடைய படங்களைப் பார்த்து அந்த நாடே வியந்த மௌனம் எங்கேயிருந்து வந்ததென்று அவனுக்கும் இப்போதுதான் விளங்கியிருக்கும். சின்ன வயதில் சாப்பாட்டு மேசையில் எதிரே இருந்து அவன் படித்துப் படித்து எழுதிய அந்த மௌனத்தை உண்டாக்கியது அவனுடைய விரல்தான். வீட்டுக்கு வந்ததும் அவன் கோட்டைக்கூடக் கழற்றாமல் நிலவறைக்குள் இறங்கினான். அவள் பின்னால் போகவில்லை. சாப்பாட்டை மூடி வைத்தாள். மாமனார் தன் அறை வாசலில் நின்று, "நான் சொல்லியிருக்கக் கூடாதோ, பிள்ளை?" என்று கேட்டார். அவள் அவருக்கு ஒரு தட்டில் சாப்பாடு போட்டாள்.

அந்தக் குளிர்காலம் முழுக்க வசீகரன் ஒரு வரி எழுதவில்லை. ரீக்காவின் மின்னஞ்சல்களுக்குப் பதில் போடவில்லை. டோர்வாலில் மருந்துப் பெட்டிகள் அடுக்குகிற ஒரு களஞ்சியத்தில் வேலை எடுத்தான். பின்னேரம் வந்ததும் தகப்பனைக் கையைப் பிடித்து நிலவறைக்குக் கூட்டிப்போவான். கதவு திறந்திருக்கும். கிழவர் பின்னிஷில் பேசுகிற சத்தம் மேலே வரும். தயங்கித் தயங்கி, பிறகு வேகமாக, பிறகு தானே சிரித்துக்கொண்டு. வசீகரன் குறுக்கே பேச மாட்டான். இடைக்கிடை ஒரு சின்னக் கேள்வி. என்ன கதைக்கிறார்கள் என்று அவள் ஒருநாள் கேட்டாள்.

"டிப்போக் கதை" என்றான். "முப்பது வருசக் கதை இருக்கு. நான் ஒண்டும் கேட்டதில்லை."

கேட்டு முடிக்கக் காலம் கிடைக்கவில்லை. மாசி மாதம் அரியரத்தினத்துக்கு முதுகுவலி என்று போனால், கணையத்தில் புற்றுநோய், பரவிவிட்டது என்றார்கள். ஆஸ்பத்திரிக் கட்டிலிலும் பேசிக்கொண்டுதான் இருந்தார். தாதிமாரோடு பின்னிஷில் பேசினார்; அவர்கள் பிரெஞ்சில் பதில் சொன்னார்கள்; இருபக்கமும் திருப்தி. கடைசிக் கிழமைதான் குரல் அடைத்தது. சித்திரை முடிவில், பனி உருகி முற்றமெல்லாம் சேறாகக் கிடந்த ஒரு காலையில் போய்விட்டார்.

இறுதிச் சடங்குக்கென்று மலர்ச்சாலைக்கு ஐம்பது அறுபது பேர் வந்தார்கள். அநேகமாகப் பிரஷாந்தினியின் ஆட்கள். தேவாரம் பாடி, கிரியை முடிந்ததும், மகன் இரண்டு வார்த்தை பேச வேண்டும் என்று அவளுடைய மாமா பேரின்பநாதன் சொன்னார். வசீகரன் பெட்டியின் பக்கத்தில் போய் நின்றான்.

"என்ர அப்பா..." என்று தொடங்கினான். "என்ர அப்பா நல்லவர். அவருக்கு..." நின்றான். ஒன்பது வயதுத் தமிழில் அதற்கு மேல் சொல் கிடைக்கவில்லை. சனம் காத்திருந்தது. அவன் பெட்டிக்குள் கிடந்த முகத்தைப் பார்த்துத் திரும்பி, பின்னிஷில் பேசத் தொடங்கினான். நாலைந்து நிமிடம் பேசியிருப்பான். நடுவில் ஒருமுறை சிரித்தான். மண்டபத்தில் ஒருவருக்கும் ஒரு சொல் விளங்கவில்லை, ஆனால் யாரும் அசையவில்லை. அது ஹெல்சின்கி மேடையில் அவள் கேட்ட குரல் இல்லை என்பது மட்டும் பிரஷாந்தினிக்குத் தெரிந்தது. இது தடுக்கி விழுந்து எழும்புகிற, அவசரமான ஒரு பேச்சு.

எல்லாம் முடிந்து கார் நிறுத்துமிடத்துக்கு நடக்கையில் அவள் கேட்டாள். "என்ன சொன்னனீங்கள் அங்கை?"

"ஒண்டுமில்லை. பஸ் எல்லாம் கழுவியாச்சு, நீங்கள் வீட்டை போகலாம் எண்டு." மூக்கைத் துடைத்தான். "அப்பா கதைக்கிற மாதிரித்தான் கதைச்சனான். பிழைபிழையா."

அந்தப் பேச்சுக்குப் பிறகு அவன் பின்னிஷில் எதுவும் எழுதியதாக அவளுக்குத் தெரியவில்லை. நிலவறையில் இருந்த மேசையைக் களஞ்சியத்தில் கூட வேலை செய்யும் ஒருவருடைய மகளுக்குக் கொடுத்தான். இப்போதெல்லாம் கல்யாண வீடுகளில் யாராவது கேட்டால், பிரஷாந்தினி வாய் திறப்பதற்கு முன் அவனே, "டோர்வாலிலை, வெயர்ஹவுசிலை" என்று சொல்லிவிடுவான். அதைக் கேட்டவர்கள் உடனே சம்பளம், யூனியன் என்று கதைக்கத் தொடங்கிவிடுவார்கள்.

போன ஐப்பசியில் ஹெல்சின்கியிலிருந்து ஒரு மாணவி தொலைபேசி எடுத்தாள். வெளிநாட்டில் பிறந்து பின்னிஷில் திரைக்கதை எழுதியவர்களைப் பற்றி ஆராய்ச்சியாம். வசீகரன் சமையலறையில் நின்றபடியே பேசினான். நீண்ட நேரம் இல்லை. வைத்ததும் பிரஷாந்தினி கேட்டாள்.

"என்ன கேட்டவள்?"

"ஏன் எழுதுறதை விட்டனீங்கள் எண்டு."

"என்ன சொன்னனீங்கள்?"

"பாஷை மறந்து போச்சுது எண்டு சொன்னனான்."

அவ்வளவு நேரமும் ஒரு இடத்தில்கூடத் தடுமாறாமல் அவன் பேசியதை அவள் கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். அவன் சாப்பாட்டுப் பெட்டியை எடுத்துப் பையில் வைத்தான். வெளியே மெல்லிய மழை. கொஞ்சம் குளிர்ந்தால் பனியாகிவிடும்.

"குடையைக் கொண்டு போங்கோ" என்றாள்.

"ஓம்" என்றான். கொண்டுபோகவில்லை.